மாமி கற்றுத் தந்த பழக்கொத்து

டிசம்பர் பிறந்துவிட்டால் எங்கள் கருங்கல் பக்கத்தில் எந்த வீட்டைத் தாண்டிப் போனாலும் மூக்கு சும்மா இருக்காது. ஒரு வீட்டில் சிறுபயறு வறுபடும். அடுத்த வீட்டில் கருப்பட்டிப் பாகு கொதிக்கும். மூன்றாவது வீட்டில் தேங்காய் எண்ணெய் காயும். வாசலில் நட்சத்திரம் கட்டுவதற்கு முன்பே அடுக்களைக்குள் கிறிஸ்துமஸ் வந்துவிடும்.

சென்ற கிறிஸ்துமஸுக்கு ஒரு வாரம் முன்பு பக்கத்து வீட்டுப் பெண் வந்தாள். கல்யாணமாகி வந்து இரண்டு வருஷம்தான் ஆகிறது. இடுப்பில் ஒரு வயதுக் குழந்தை.

"மாமி, உங்க வீட்டுப் பழக்கொத்து மாதிரி நானும் செஞ்சு பாத்தேன். எண்ணெயில போட்டதும் பட்டு பட்டுன்னு வெடிச்சு, பூரணம் எல்லாம் வெளிய வந்துட்டு. என்ன தப்பு பண்ணினேன்னே தெரியல" என்றாள்.

"அப்போ குழந்தை எங்கே இருந்தது?" என்று கேட்டேன்.

அவள் விழித்தாள். பலகாரத்தைப் பற்றிக் கேட்டால் இந்த மாமி குழந்தையைப் பற்றிக் கேட்கிறாளே என்று நினைத்திருப்பாள். அவளை உட்கார வைத்து ஒரு பழைய கதையைச் சொன்னேன். அதைத்தான் இங்கே உங்களுக்கும் சொல்லப் போகிறேன். செய்முறையும் உண்டு. ஆனால் கதையைப் படித்துவிட்டுத்தான் செய்முறைக்குப் போக வேண்டும். சம்மதம்தானே?

நான் பிறந்து வளர்ந்தது திருச்சியில். 1983-ல் கல்யாணமாகிக் கருங்கல்லுக்கு வந்தபோது எனக்குத் தெரிந்த தமிழில் பாதி இங்கே செல்லவில்லை. எங்கள் ஊரில் சக்கை என்றால் கரும்பைப் பிழிந்தபின் மிஞ்சுவது. இங்கே சக்கை என்றால் பலா. மரவள்ளிக்கிழங்கு இங்கே மரச்சீனி. பதநீர் இங்கே அக்கானி. மாமியாரை வாய் நிறைய "அத்தை" என்று கூப்பிட்டேன். "இஞ்ச மாமின்னுதான் கூப்பிடணும் மக்களே" என்று சிரித்தார். அன்று முதல் அவர் எனக்கு மாமிதான்.

இருபது நாள்தான் இருந்தேன். அவருக்கு அப்போது பம்பாயில் வேலை. லீவு முடிந்ததும் கிளம்பிவிட்டோம். அதனால் இந்த ஊர்ப் பேச்சு எனக்கு அரைகுறையாகத்தான் பழகியிருந்தது. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

பம்பாயில் எங்கள் பக்கத்து வீட்டில் ஒரு கோவாக்கார அம்மாள் இருந்தார். கிறிஸ்துமஸ் வந்தால் தட்டு நிறையப் பலகாரம் வரும். கோவாவிலும் மங்களூரிலும் கிறிஸ்தவர்கள் இந்தப் பலகாரத் தட்டை 'குஸ்வார்' என்பார்கள். அதில் எனக்குப் பிடித்தது நெவ்ரி. பார்த்தால் நம் தீபாவளி சோமாசியேதான். அரை நிலா வடிவம். உள்ளே தேங்காய், எள், உலர்ந்த திராட்சை. கடித்தால் மொறுமொறுவென்று உடைந்து, உள்ளே திராட்சையின் இனிப்பு நாக்கில் இறங்கும். மகாராஷ்டிரத்தில் இதற்கு அண்ணன் தம்பி மாதிரி கரஞ்சி, வடக்கே ஹோலிக்கு குஜியா. மாவுக்குள் இனிப்பை மூடிப் பொரிக்க ஒவ்வொரு ஊருக்கும் ஒரு பெயர் இருக்கிறது.

எங்கள் கருங்கல் வீட்டுக் கிறிஸ்துமஸுக்கு ராஜா முந்திரிக்கொத்துதான். நாஞ்சில் நாடு முழுக்க, தீபாவளியானாலும் கல்யாணமானாலும் கிறிஸ்துமஸானாலும் இது இல்லாமல் பலகாரப் பெட்டி நிறையாது. முதன் முதலில் சாப்பிட்டபோது பிட்டுப் பிட்டுத் தேடினேன். ஒரு முந்திரிப் பருப்புகூட இல்லை! மாமியிடம் கேட்டேன். "அது முந்திரிக் குலை மாதிரி இருக்கும்லா, அதுக்குத்தான் அந்தப் பேரு" என்றார். பிறகுதான் புரிந்தது. கொடிமுந்திரி என்றால் திராட்சை. மலையாளத்தில் இன்றைக்கும் திராட்சைக்கு முந்திரி என்றுதான் பெயர். வறுத்த சிறுபயற்று மாவையும் பாகையும் பிசைந்து உருண்டை பிடித்து, மூன்று உருண்டையை ஒட்ட வைத்து, அரிசி மாவில் முக்கிப் பொரித்தால் திராட்சைக் கொத்து மாதிரியே இருக்கும். பெயரிலே பழம் இருக்கிறது, உள்ளே பழம் இல்லை.

'உள்ளேயும் பழத்தை வைத்தால் என்ன?' என்று எனக்கு அப்போது தோன்றியது.

1986 டிசம்பர். கல்யாணத்துக்குப் பிறகு கருங்கல்லில் எனக்கு முதல் கிறிஸ்துமஸ். என் மூத்த மகளுக்கு ஒன்றரை வயது. நடக்கவும் ஓடவும் கற்றுக்கொண்ட பருவம். ஓர் இடத்தில் நிற்காது. பம்பாயிலிருந்து வந்த மருமகள் தன் கைவரிசையைக் காட்ட வேண்டாமா? "இந்த வருஷம் நான் ஒரு புதுப் பலகாரம் செய்றேன் மாமி" என்று அறிவித்துவிட்டேன்.

கிறிஸ்துமஸுக்கு இரண்டு நாள் முன்பு. ராத்திரி பெய்த மழையில் முற்றம் முழுக்கத் தண்ணீர் தேங்கியிருந்தது. பலகாரம் நிறையச் சுடும்போது அடுக்களை போதாது என்று பின்பக்கத் தாழ்வாரத்தில் தரையிலேயே கல் கூட்டி அடுப்பு வைத்திருந்தார் மாமி. நன்றாகப் பழுத்த வாழைப்பழங்களைப் பொடியாக நறுக்கி, சீனியும் தேங்காயும் போட்டுக் கிளறாமல் அப்படியே வைத்திருந்தேன். கோவா அம்மாள் உள்ளே வைத்தது உலர்ந்த திராட்சையும் வறுத்த தேங்காயும் என்பது எனக்கு நினைவில் வரவில்லை. பழம் என்றால் பழம்தானே என்று இருந்துவிட்டேன். அரை மணி நேரத்தில் பாத்திரத்தின் அடியில் சாறு கோத்துக்கொண்டது.

மாமி பக்கத்து வீடுகளுக்கு முந்திரிக்கொத்துத் தட்டுகளை எடுத்துக்கொண்டு புறப்பட்டார். போகிற போக்கில் என் பக்கம் பார்த்து, "வெள்ளம் நிக்குது பிள்ளே, பாத்துச் செய்யி" என்றார்.

நான் முற்றத்தைத் திரும்பிப் பார்த்தேன். ஆமாம், மழைத் தண்ணீர் நிற்கிறது. குழந்தையின் செருப்பு அதில் மிதந்தது. "சரி மாமி" என்று சொல்லி அதை எடுத்து உள்ளே வைத்தேன். திருச்சிக்காரிக்கு வெள்ளம் என்றால் காவிரியில் வருவதுதான். இங்கே குடிக்கிற தண்ணீரும் வெள்ளம், பழத்தில் விடுகிற சாறும் வெள்ளம். மாமி காட்டியது என் பாத்திரத்தை!

மைதா மாவில் பூரணத்தை வைத்து மூடி, முதல் நாலு உருண்டையை எண்ணெயில் போட்டேன். குழந்தை என் மைனியிடம் இருப்பதாக நினைத்தேன். மைனியோ குழந்தை என்னிடம் இருப்பதாக நினைத்து உள்ளே போயிருந்தாள். சகோதரிகளே, எத்தனையோ விபத்துகளுக்குக் காரணம் இந்த ஒரு நினைப்புதான்.

உருண்டைகள் உப்பின. ஒன்று டப்பென்று வெடித்தது. சரியாக அந்த நேரத்தில்தான் என் முந்தானையைப் பிடித்துக்கொண்டு "அம்மா" என்று ஒரு குரல். திரும்பினேன். அடுத்த உருண்டையும் வெடித்தது. எண்ணெய் குழந்தையின் இடது முன்கையில் தெறித்தது.

அந்த அலறல் இன்றைக்கும் என் காதில் இருக்கிறது.

எனக்குக் கை கால் ஓடவில்லை. வீட்டிலிருந்தவர்கள் ஓடி வந்தார்கள். ஒருவர் "மசி தடவுங்கோ" என்றார். இன்னொருவர் "தேங்கா எண்ணெ விடு" என்றார். மரச்சீனி மாவை ஒருத்தி கையில் அள்ளிக்கொண்டே வந்துவிட்டாள். அதற்குள் அலறல் கேட்டு மாமி ஓடி வந்தார். யாரையும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. குழந்தையை என்னிடமிருந்து பிடுங்கிக்கொண்டு கிணற்றடிக்குப் போனார். கையிலிருந்த வளையலை முதலில் கழற்றினார். பிறகு ஒரு வாளி, இன்னொரு வாளி என்று அந்தச் சின்னக் கையின் மேல் தண்ணீரைப் பையப் பைய ஊற்றிக்கொண்டே இருந்தார்.

"தண்ணி ஊத்தினா கொப்புளிச்சுப் போவும்!" என்று ஒரு பெரியவர் சத்தம் போட்டார்.

"அக்கானி காய்ச்சுன வீட்டுப் பிள்ளையாக்கும் நான். எனக்குத் தெரியும்" என்றார் மாமி. ஊற்றுவதை நிறுத்தவே இல்லை.

அதன் அர்த்தம் எனக்குப் பிறகுதான் விளங்கியது. மாமி பிறந்த வீட்டில் பனங்காட்டுக்குள்ளேயே அடுப்புக் கூட்டி அக்கானியைக் காய்ச்சிக் கருப்பட்டி எடுப்பார்கள். பாகு பதத்தில் கொதிக்கிற அக்கானி உடம்பில் பட்டால் ஒட்டிக்கொண்டு சுடும். "பட்ட உடனே வெள்ளத்துல முக்கணும். வேற ஒண்ணும் தடவப்பிடாது" என்று அவருடைய அம்மை சொல்லிக் கொடுத்திருக்கிறார். இன்றைக்கு டாக்டர்கள் சொல்வதும் இதுதான்: ஓடுகிற குளிர்ந்த தண்ணீரில் இருபது நிமிஷம்.

குழந்தையின் மற்ற உடம்பைத் துண்டால் போர்த்தி, கையை மட்டும் நனைத்துக்கொண்டிருந்தார். அழுகை விம்மலானது. பிறகு, துவைத்து வைத்திருந்த வெள்ளைத் துணியால் கையைத் தளர்வாக மூடி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். "மேலே எதையும் பூசாமல் தண்ணீர் ஊற்றினீர்களே, அது நல்ல காரியம்" என்றார் டாக்டர். கொப்புளம் ஒரு விரல் நீளத்துக்குத்தான். ஆழமில்லை. விரல்கள் எல்லாம் நன்றாக அசைந்தன.

அன்று ராத்திரி உறவுக்காரப் பெண்மணி ஒருவர் என் காதில் விழும்படியே சொன்னார்: "பம்பாய்ப் பலகாரம் செய்யப் போனா இப்படித்தான் ஆவும்."

நான் சுவரைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்திருந்தேன். என் அவசரம், என் பெருமை, என் கவனக்குறைவு. யார் என்ன சொன்னாலும் அதில் தப்பில்லை என்றுதான் இருந்தது. மாமி வாசல் பக்கம் நின்றுகொண்டு, குரலை உயர்த்தாமல் பதில் சொன்னார்.

"அடுப்பைத் தரையில கூட்டினது யாரு? நான். பழத்துல வெள்ளம் நிக்குதுன்னு தெரிஞ்சும், நின்னு சொல்லிக் குடுக்காம தட்டைத் தூக்கிட்டுப் போனது யாரு? நான். திருச்சிக்காரிக்கு வெள்ளம்னா என்ன தெரியும்? தண்ணின்னு சொல்லியிருக்கணும். குத்தம் எனக்க குத்தமாக்கும்."

அதற்குமேல் யாரும் பேசவில்லை. கிறிஸ்துமஸ் ராத்திரி எல்லாரும் கோயிலுக்குப் போனபோது மாமி என்னுடன் வீட்டிலேயே இருந்துவிட்டார். குழந்தை அவர் மடியில் தூங்கியது. தூரத்தில் மணி அடித்தது. "அழப்பிடாது மக்களே. கொச்சுப் பிள்ளைக்க காயம் சீக்கிரம் ஆறும். தாய்க்க காயம்தான் ஆற நாளாவும்" என்றார்.

அவர் சொன்னது சரி. குழந்தைக்கு மூன்று வாரத்தில் ஆறிவிட்டது. நான் மூன்று வருஷம் வாணலியில் எண்ணெய் ஊற்றவில்லை. ஓர் அப்பளம் பொரிப்பதற்குக்கூட அவரைத்தான் கூப்பிடுவேன். தீபாவளி, கிறிஸ்துமஸ் எல்லாம் கடைப் பலகாரத்தோடு போயின. ஊருக்கு வருவதையும் ஏதாவது சாக்குச் சொல்லித் தள்ளிப் போட்டேன்.

1989-ல் மாமியிடமிருந்து ஓர் இன்லண்டு லெட்டர் வந்தது. அவர் படித்தது மூன்றாம் வகுப்பு வரைதான். எழுத்துக்கள் எறும்பு வரிசை மாதிரி வளைந்து வளைந்து போகும். "இந்த வருஷம் சக்கை நல்லா காச்சுது. வரட்டி எடுத்துப் பரணியில் கெட்டி வச்சிருக்கேன். அதில் ஒரு சொட்டு வெள்ளம் கிடையாது. அந்தப் பழப் பலகாரம் நாம ரெண்டு பேருமா செய்யணும். நீ வரணும்."

சக்கை வரட்டி தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். கோடையில் பலா பழுக்கும்போது சுளையை வேக வைத்து மசித்து, வெல்லமோ கருப்பட்டியோ போட்டு, நெய் விட்டு, உருளியில் மணிக்கணக்காகக் கிளறி எடுப்பது. கறுப்பாக, அல்வா மாதிரி உருண்டு வரும். தண்ணீர் வற்றிப் போவதாலும் இனிப்பு நிறைய இருப்பதாலும் மாதக்கணக்கில் கெடாது. மே மாதப் பலாவை டிசம்பரில் சாப்பிட நம் பாட்டிமார் கண்டுபிடித்த வழி.

போனேன். மாமி எனக்காக என்ன செய்து வைத்திருந்தார் தெரியுமா? அடுக்களையில் இடுப்பு உயரத்துக்கு மேடை கட்டி அடுப்பை மேலே ஏற்றியிருந்தார். அடுக்களை வாசலில் ஒரு பாதிக் கதவு. "எண்ணெச் சட்டி அடுப்புல இருக்கும்போ எந்தப் பிள்ளையும் இந்தக் கதவுக்கு இந்தப் பக்கம் வரப்பிடாது. பிள்ளையைப் பாக்க ஒரு ஆளுன்னு பேர் சொல்லி வைக்கணும்" என்றார். மைனியைக் கூப்பிட்டு, என் மகளின் கையை அவள் கையில் பிடித்துக் கொடுத்தார். அதன் பிறகுதான் தீப்பெட்டியை எடுத்தார்.

என் பூரணத்துக்கு அவர் சொன்ன திருத்தம் இரண்டே இரண்டு. பழத்தை வேக வைத்து, கிளறி, தண்ணீரை வற்றவிட வேண்டும். மிச்சமிருக்கிற ஈரத்தைக் குடிக்க, வறுத்த சிறுபயற்று மாவைச் சேர்க்க வேண்டும். மைதாச் சொப்பும் வேண்டாம். முந்திரிக்கொத்து மாதிரியே அரிசி மாவில் முக்கிப் போடலாம். முதல் கொத்தை என்னையே போடச் சொன்னார். என் கை நடுங்கியது. என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு அவரும் சேர்ந்தே போட்டார். வெடிக்கவில்லை. பொன் நிறத்தில் மிதந்து வந்தது.

"கொள்ளாம். இதுக்குப் பேரு பழக்கொத்து" என்றார் மாமி.

இனி செய்முறை.

பூரணத்துக்கு: நன்றாகப் பழுத்த ஏத்தன் பழம் (நேந்திரம்) பெரியது 3, பொடித்த கருப்பட்டி 200 கிராம், தேங்காய்த் துருவல் ஒரு கப், வறுத்துப் பொடித்த சிறுபயற்று மாவு ஏறக்குறைய 2 கப், உலர்ந்த திராட்சை 50 கிராம், கொட்டை நீக்கிய பேரீச்சம்பழம் 6, எள் 2 டேபிள்ஸ்பூன், ஏலக்காய் 6, சுக்குப்பொடி அரை டீஸ்பூன், நெய் 2 டேபிள்ஸ்பூன். சக்கை வரட்டி கிடைத்தால் ஒரு பழத்தைக் குறைத்துவிட்டு அரை கப் சேர்க்கலாம்.

மேல் மாவுக்கு: பச்சரிசி ஒன்றரை கப், மைதா 2 டேபிள்ஸ்பூன், மஞ்சள்தூள் ஒரு சிட்டிகை, உப்பு கொஞ்சம். பொரிக்கத் தேங்காய் எண்ணெய்.

பச்சரிசியை இரண்டு மணி நேரம் ஊற வைத்து, தண்ணீர் அதிகம் விடாமல் நைசாக அரைத்து, மைதா, மஞ்சள்தூள், உப்புச் சேர்த்துத் தோசை மாவைவிடச் சற்றுக் கெட்டியாக வைத்துக்கொள்ளுங்கள். மொறுமொறுப்பு அரிசியில்தான் இருக்கிறது. மைதா ஒட்டிப் பிடிப்பதற்கு மட்டும்.

பழத்தைத் தோலோடு ஆவியில் வேக வைத்து, உரித்து, நடுவிலுள்ள கறுப்பு நரம்பை எடுத்துவிட்டு மசியுங்கள். வேறு வாழைப்பழங்களில் சாறு அதிகம். ஏத்தனில் சதைப்பற்று கெட்டி. மணக்கிற மட்டிப் பழத்தைப் போடலாமே என்று ஆசை வரும். கன்னியாகுமரி மட்டிக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்தபோது, வீட்டுப் பிள்ளை பரீட்சையில் பாஸான மாதிரி எனக்குச் சந்தோஷமாக இருந்தது. ஆனாலும் மட்டியைக் குழந்தைக்கு ஊட்டிவிடுங்கள். பூரணத்துக்கு ஏத்தன்தான்.

கருப்பட்டியை அரை கப் தண்ணீரில் கரைத்து வடிகட்டிக் கொதிக்க விடுங்கள். மசித்த பழத்தைப் போட்டுச் சிறு தீயில் கிளறுங்கள். இருபது, இருபத்தைந்து நிமிஷம் ஆகும். அவசரப்படக் கூடாது. நெய் விட்டுக் கிளறி, சட்டியில் ஒட்டாமல் சுருண்டு வரும்போது, தனியே சிவக்க வறுத்த தேங்காய், வறுத்த எள், பொடியாக நறுக்கிய திராட்சை, பேரீச்சை, ஏலக்காய், சுக்கு எல்லாம் சேர்த்து இறக்குங்கள். நன்றாக ஆறிய பிறகு சிறுபயற்று மாவைக் கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டுப் பிசையுங்கள். உள்ளங்கையில் ஒட்டாமல் உருண்டை நிற்க வேண்டும். அதுதான் பதம். சின்ன எலுமிச்சை அளவில் உருட்டித் தட்டில் பரப்பி, மூன்று நாலு மணி நேரம் காற்றாட வையுங்கள்.

எண்ணெய் காய்ந்ததும் முதலில் ஒரே ஓர் உருண்டையை மாவில் முக்கிப் போட்டுப் பாருங்கள். இதுதான் சோதனை. சீராகக் கொதித்து மிதந்தால் சரி. வெடித்தாலோ பிரிந்தாலோ பூரணத்தில் ஈரம் இருக்கிறது. இன்னும் கொஞ்சம் சிறுபயற்று மாவு சேருங்கள். பிறகு மும்மூன்றாக ஒட்டி, மாவில் முக்கி, மிதமான தீயில் இரண்டு பக்கமும் பொரித்து எடுங்கள். வெறும் முந்திரிக்கொத்து பத்து நாளுக்கு மேல் இருக்கும். இதில் பழம் இருப்பதால் நாலைந்து நாளில் தீர்த்துவிடுங்கள். தீராமல் இருந்தால்தானே!

ஏன் வெடிக்கிறது என்று அந்தப் பக்கத்து வீட்டுப் பெண் கேட்டாளே, அதற்கும் பதில் சொல்லிவிடுகிறேன். பொரிக்கிற எண்ணெயின் சூடு 170, 180 டிகிரி இருக்கும். தண்ணீர் 100 டிகிரியிலேயே ஆவியாகிவிடும். ஆவியானால் அதற்கு ஏறக்குறைய 1,700 மடங்கு இடம் வேண்டும். மூடிய மாவுக்குள் அவ்வளவு இடத்துக்கு எங்கே போகும்? உடைத்துக்கொண்டு வெளியே வரும். வரும்போது எண்ணெயையும் வாரி இறைக்கும். நறுக்கிய பழத்தில் சீனியைப் போட்டால், அது பழத்திலிருந்து இன்னும் சாற்றை இழுத்துவிடும். நான் அன்று செய்தது அதுதான்.

இளம் தாய்மாருக்கு இன்னும் சில வார்த்தைகள். எண்ணெய்ச் சட்டியின் கைப்பிடியைச் சுவர்ப் பக்கமாகத் திருப்பி வையுங்கள். தரையில் அடுப்பு வேண்டாம். இறக்கிய எண்ணெயும் வெகுநேரம் சுடும். அதையும் எட்டாத இடத்தில் வையுங்கள். எண்ணெய் தீப்பிடித்தால் தண்ணீர் ஊற்றவே கூடாது. அடுப்பை அணைத்து, தட்டால் மூடுங்கள்.

பிள்ளைக்குச் சுட்டுவிட்டால் உடனே குளிர்ந்த குழாய்த் தண்ணீரில் இருபது நிமிஷம் காட்டுங்கள். வீங்குவதற்கு முன் வளையல், மோதிரத்தைக் கழற்றுங்கள். துணி தோலோடு ஒட்டியிருந்தால் இழுக்காதீர்கள். ஐஸ், மை, பற்பசை, மஞ்சள், எண்ணெய், மாவு எதுவும் கூடாது. கொப்புளத்தை உடைக்காதீர்கள். சுத்தமான துணியால் மூடி டாக்டரிடம் போங்கள். முகம், கை, மூட்டு, பிறப்புறுப்பு ஆகிய இடங்களில் பட்டாலோ, பிள்ளையின் உள்ளங்கை அளவுக்கு மேல் இருந்தாலோ தாமதமே கூடாது. 108-ஐக் கூப்பிடுங்கள்.

வீட்டில் சர்க்கரை நோயாளி இருந்தால், 'கருப்பட்டிதானே' என்று நாலு கொத்தை நீட்டாதீர்கள். கருப்பட்டியும் சர்க்கரைதான். என் மாமிக்கே கடைசிக் காலத்தில் சர்க்கரை இருந்தது. கொத்திலிருந்து ஓர் உருண்டையைப் பிய்த்து, அதில் பாதியைக் கொடுப்பேன். "இவ்வளவுதானா?" என்று முகத்தைச் சுருக்குவார். பிறகு மென்று மென்று கால் மணி நேரம் தின்பார்.

2006-ல் மாமி போய்ச் சேர்ந்தார். அவர் ஓய்வு பெற்றதும் நாங்கள் கருங்கல்லுக்கே வந்துவிட்டோம். மேடை இருக்கிறது, அதன் மேல் இப்போது கேஸ் அடுப்பு. பாதிக் கதவு இருக்கிறது. பரணியும் இருக்கிறது. ஒவ்வொரு மே மாதமும் அதை நிரப்புவது என் வேலை.

சென்ற கிறிஸ்துமஸுக்கு மகள் வந்திருந்தாள், மூன்று வயதுப் பேத்தியோடு. நான் உருண்டை பிடிக்க, அவள் மாவில் முக்கிப் போட்டாள். கையை மடித்துவிட்டிருந்தாள். இடது முன்கையில் அந்தத் தழும்பு, வெளுத்த கோடாக, ஒரு விரல் நீளத்துக்கு. முப்பத்தொன்பது வருஷமாகியும் அதைப் பார்க்கும்போது என் வயிற்றில் ஏதோ ஒன்று புரளத்தான் செய்கிறது.

பாதிக் கதவுக்கு வெளியே அத்தையின் கையைப் பிடித்துக்கொண்டு நின்ற பேத்தி கேட்டாள்: "அம்மா, உன் கையில என்ன அது?"

எண்ணெய் பட்டது என்று சொல்லப் போகிறாள் என்று நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

மகள் கையைத் திருப்பிப் பார்த்துக்கொண்டே சொன்னாள்: "இதுவா? இது என் பாட்டி தண்ணி ஊத்தின இடம்."

உங்கள் வீட்டுப் பழக்கொத்தும் வெடிக்காமல் மொறுமொறுவென்று வரட்டும். பிள்ளைகள் கதவுக்கு அந்தப் பக்கமே நிற்கட்டும்.